வந்து மூத்தவர்களும் மூத்து வந்தவர்களும்: ரொறன்ரோவில் ஆபிரிக்க, கரீபிய முதியோருக்கு வாராந்தச் சந்திப்பு நடத்துவது எப்படி

ஸ்காபரோவின் மல்வேர்ன் போன்ற இடங்களில் தமிழ் முதியோரும் ஜமேக்க, சோமாலிய, எத்தியோப்பிய முதியோரும் ஒரே மாடிக் கட்டடத்தில் குடியிருக்கிறார்கள். அங்குள்ள சமூக நிலையம் ஒன்றில் வேலைக்குச் சேரும் தமிழர் கையில் ஒருநாள் "ஆபிரிக்க, கரீபிய முதியோர் நிகழ்ச்சி" என்று ஒரு கோப்பு வந்து விழலாம். அதை எங்கிருந்து தொடங்குவது, எங்கே சறுக்கும் என்பதைச் சொல்லவே இந்தக் குறிப்பு.

முதலில் மனதில் இருத்த வேண்டியது ஒன்று. "ஆபிரிக்க, கரீபிய முதியோர்" என்று ஒரே கூட்டம் கிடையாது. இங்கே வந்து மூத்தவர்கள் ஒரு பக்கம், மூத்த பிறகு வந்தவர்கள் இன்னொரு பக்கம். 1955இல் தொடங்கிய வீட்டுப் பணிப்பெண்கள் திட்டத்தின் கீழ் ஜமேக்காவிலிருந்தும் பார்படோசிலிருந்தும் இளம்பெண்களாக வந்தவர்களில் பெரும்பாலானோருக்கு இன்று எண்பது வயதுக்கு மேல். 1967இல் குடிவரவுக்குப் புள்ளி முறை வந்தபின் தாதியராகவும் தொழிற்சாலைத் தொழிலாளராகவும் வந்தவர்களும் இந்தப் பக்கம்தான். அவர்களுக்கு ஓய்வூதியம் உண்டு, தேவாலயம் உண்டு, நகரம் கைரேகை போலத் தெரியும். அவர்களை வாட்டுவது தனிமை, மூட்டுவலி, மாடிப்படி. மறுபக்கம், சோமாலியப் போருக்குப் பின் பிள்ளைகள் அழைத்துக்கொண்ட தாய்மார், எரித்திரியாவிலிருந்து அகதியாக வந்த பெரியவர்கள். இவர்களுக்குக் கையில் காசில்லை, பேச மொழியில்லை, பேருந்து வழியும் தெரியாது. இரு சாராருக்கும் ஒரே துண்டுப்பிரசுரத்தைக் கொடுத்தால் இரண்டாவது மாதத்தில் ஒரு சாரார் வராமல் நின்றுவிடுவார்கள். அப்படி நிற்பவர்கள் பெரும்பாலும் மூத்து வந்தவர்கள்தான், ஏனென்றால் குறை சொல்லவும் அவர்களிடம் மொழியில்லை.

முதல் ஆறு வாரம்: கதவைத் திறக்குமுன்

மண்டபம் பார்க்குமுன் ஆளைப் பாருங்கள். ஜமேக்கர்களுக்குத் தேவாலயமும், 1962 முதல் இயங்கிவரும் ஜமேக்க கனடியச் சங்கமும் வாசல். சோமாலியர்களுக்குப் பள்ளிவாசலும், எற்றோபிக்கோவில் டிக்சன் வீதி மாடிக் கட்டடங்களின் கீழ்த்தளமும். மல்வேர்னில் கறுப்பினச் சமூகத்தை மையமாக வைத்து இயங்கும் தாய்பு சமூக சுகாதார நிலையம் இருக்கிறது ("தாய்பு" என்றால் சுவாஹிலியில் நலமாயிரு என்று பொருள்). இருக்கிற நிகழ்ச்சிக்குப் போட்டியாக இன்னொன்று தொடங்காதீர்கள். அவர்களிடம் எது இல்லை என்று கேட்டுவிட்டு அந்த இடைவெளியை நிரப்புங்கள்.

ஆறு முதியோரைத் தேர்ந்து ஒரு சிறு குழு அமையுங்கள். வந்து மூத்தவர் மூவர், மூத்து வந்தவர் மூவர். கிழமை, நேரம், சாப்பாடு மூன்றையும் அவர்கள் முடிவு செய்யட்டும். பணத்துக்கும் இது தேவை. கூட்டாட்சி அரசின் "முதியோருக்கான புதிய தொடுவானங்கள்" நிதியுதவி, திட்டத்தை முதியோரே முன்னின்று நடத்துகிறார்களா என்று பார்க்கும். சமூக மானியம் 25,000 டாலர் வரை. விண்ணப்பம் கோரும் காலத்தைத் தவறவிட்டால் அடுத்த சுற்று வரை காத்திருக்க வேண்டியதுதான்.

இந்த 25,000 டாலர் மானியத்துக்கு ஒரு மாதிரிக் கணக்கு: முப்பது பேர், நாற்பது வாரம். சாப்பாட்டுக்குத் தலைக்கு 8 டாலர் வைத்தால் 9,600. வாரம் ஆறு வாகனச் சவாரி, ஒவ்வொன்றும் 20 டாலர் என்றால் 4,800. உரைபெயர்ப்பாளருக்கு வாரம் மூன்று மணி நேரம், மணிக்கு 30 டாலர், அது 3,600. மொத்தம் 18,000. மீதி 7,000இல் மண்டப வாடகை, காப்புறுதி, அச்சு, தொலைபேசி எல்லாம் அடங்க வேண்டும். பலர் காப்புறுதியையும் மண்டபத் துப்புரவுக் கட்டணத்தையும் மறந்துவிட்டுக் கடைசியில் சாப்பாட்டில் கைவைக்கிறார்கள். உரைபெயர்ப்பாளரை மட்டும் வெட்டவே வேண்டாம். அவர் இல்லாவிட்டால் பாதிப் பேருக்கு அது சந்திப்பே அல்ல, சும்மா உட்கார்ந்திருக்கும் இடம்.

தொண்டர்களுக்கான பொலிஸ் சான்றிதழை, அதாவது பலவீனமானோருடன் பணியாற்றுவோருக்கான சோதனையை, முதல் நாளே விண்ணப்பியுங்கள். வாரக்கணக்கில் இழுக்கும்.

கிழமையைத் தெரிவதில் உள்ள சூட்சுமம்

வெள்ளிக்கிழமை சோமாலியருக்கு ஜும்ஆ தொழுகை. புதனும் வெள்ளியும் எத்தியோப்பிய, எரித்திரிய ஓர்தடொக்ஸ் கிறிஸ்தவர்களுக்கு விரத நாள், இறைச்சியும் பாலும் தொடமாட்டார்கள். சனி, கரீபியர் பலர் சார்ந்திருக்கும் ஏழாம் நாள் அட்வென்டிஸ்ட் சபைக்கு ஓய்வுநாள். ஞாயிறு மற்றத் தேவாலயங்களுக்கு. திங்களில் பொதுவிடுமுறைகள் வந்து விழும். மிஞ்சுவது செவ்வாயும் வியாழனும். நேரம் காலை 10.30 முதல் 1.30 வரை. ஜனவரியில் ஐந்து மணிக்கே இருட்டிவிடும், பனியில் இருட்டிய பிறகு ஒரு முதியவரும் வெளியே நிற்கக் கூடாது. நண்பகல் தொழுகைக்கு ஒரு சிறு அறையும், காலைக் கழுவிக்கொள்ள ஈரம் வழுக்காத இடமும் வேண்டும். கழுவுதொட்டி உயரமாக இருந்தால் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி, ஒரு செம்பு, தரையில் இரப்பர் விரிப்பு. மொத்தச் செலவு நாற்பது டாலர், ஆனால் இடுப்பெலும்பு முறிவு ஒன்றைத் தடுக்கும்.

வருவதற்கு வழி செய்யாமல் அழைப்பதில் பயனில்லை. நடக்கச் சிரமப்படுவோருக்கு நகரப் போக்குவரத்து நிறுவனமான டி.டி.சி.யின் வீல்ட்ரான்ஸ் வாகன சேவை உண்டு, கட்டணம் சாதாரணப் பேருந்துக் கட்டணமே. விண்ணப்பத்தை முதல் மாதத்திலேயே உங்கள் மேசையில் வைத்து நிரப்புங்கள், முடிவு வரச் சில வாரம் ஆகலாம். சவாரியைப் பதிவு செய்யும் தொலைபேசி அழைப்பை ஆங்கிலம் பேசும் ஒருவர் பொறுப்பெடுக்க வேண்டும். முடியும் நேரத்தை 1.30 என்று பதியாமல் 1.45 என்று பதியுங்கள். வண்டி முன்னதாக வந்து, ஆள் கோட்டு மாட்டி முடிக்குமுன் போய்விடுவதுதான் வழக்கமான சிக்கல்.

கூப்பிடும் முறை

கரீபிய முதியவரை வெறும் பெயர் சொல்லி அழைத்தால் முகம் சுருங்கும். பெண்களுக்குப் பெயருக்கு முன் "மிஸ்", ஆண்களுக்குக் குடும்பப் பெயரோடு "மிஸ்டர்". சோமாலியர் நம்மைப் போலவே தந்தை வழியையும் தாய் வழியையும் பிரித்துத்தான் கூப்பிடுவார்கள். சித்தப்பா, பெரியப்பாவுக்கு "அதேர்", தாய்மாமனுக்கு "அப்தி". உறவே இல்லாத பெரியவரையும் "அதேர்" என்று அழைப்பது அங்கே மரியாதை. எதிர்ப்பாலினத்தவரிடம் கைகுலுக்க நீங்களாகக் கையை நீட்டாதீர்கள். நெஞ்சில் கைவைத்துத் தலை தாழ்த்தினால் போதும்.

பதிவுப் புத்தகத்தில் பெயர் எழுதும்போதே தகராறு தொடங்கும். சோமாலியருக்கும் எத்தியோப்பியருக்கும் குடும்பப் பெயர் என்று ஒன்று கிடையாது. சொந்தப் பெயர், தகப்பன் பெயர், பாட்டன் பெயர், அவ்வளவுதான். தகப்பன் பெயரைக் கடைசிப் பெயராக்கிப் படிவங்களில் அல்லாடிய தமிழருக்கு இதை விளக்கத் தேவையில்லை. அதோடு, பிறந்த தேதி பதியப்படாத நாடுகளிலிருந்து வந்தவர்களுக்கு ஜனவரி 1 என்று போட்டுவிடுவார்கள். முப்பது பேரில் எட்டுப் பேருக்கு ஒரே பிறந்தநாள், இருவருக்கு ஒரே பெயர் என்று வந்தால் மருந்துக் குறிப்பு மாறிப்போகும். ஆகவே பெயர், பிறந்த தேதி இரண்டோடு நிற்காமல், பாட்டன் பெயரையும் தொலைபேசி எண்ணையும் சேர்த்து எழுதுங்கள்.

எத்தியோப்பிய நாட்காட்டி நம்முடையதற்கு ஏழெட்டு ஆண்டு பின்னால் ஓடுவது. அங்கே 1950 என்றால் இங்கே 1957 அல்லது 1958. மாற்றாமல் எழுதிய ஆண்டு குடிவரவுப் பத்திரத்தில் ஏறியிருந்தால் ஓய்வூதிய வயதே பிழையாகிவிடும். ஓய்வூதிய விண்ணப்பத்தில் மட்டும் "சரியான" ஆண்டை எழுதிவிடாதீர்கள். பத்திரமும் விண்ணப்பமும் முரண்பட்டால் கோப்பு நின்றுவிடும். முதலில் இலவச சட்ட உதவி நிலையம், பிறகு விண்ணப்பம்.

முதல் நாள் நேர்காணலில் போரைப் பற்றியோ, வந்த வழியைப் பற்றியோ கேட்காதீர்கள். பெயர், அவசரத் தொடர்பு, மருந்து, ஒவ்வாமை, உணவுக் கட்டுப்பாடு, எந்த மொழி. இவை போதும். தீ அபாய மணிப் பரிசோதனை இருந்தால் முதல் வாரமே எல்லா மொழியிலும் சொல்லிவையுங்கள். குண்டுவீச்சைக் கண்டவர்களுக்கு அந்தச் சத்தம் வேறு.

பணம்: இதற்குத்தான் பெரும்பாலோர் வருகிறார்கள்

மாதம் ஒரு சந்திப்பைப் படிவ நாளாக வையுங்கள். ஒருவருக்கு முப்பது நிமிடம், மறைவான மேசை. பேரப்பிள்ளையை உரைபெயர்ப்பாளராக உட்கார வைக்காதீர்கள். வருமானம், வீட்டுப் பூசல், உடல் உபாதை எதையும் பேரன் முன்னால் ஒரு பாட்டி சொல்லமாட்டார்.

ஓ.ஏ.எஸ். எனப்படும் முதியோர் ஓய்வூதியத்துக்கு 65 வயதும், 18 வயதுக்குப் பின் கனடாவில் 10 ஆண்டு வசிப்பும் வேண்டும். முழுத்தொகைக்கு 40 ஆண்டு. குறைந்தால் ஆண்டுக்கு நாற்பதில் ஒரு பங்கு. வருமானம் குறைந்தவருக்கு அதன்மேல் ஜி.ஐ.எஸ். எனப்படும் கூடுதல் தொகை சேரும். பத்து ஆண்டு ஆகாதவர்களிடம் இரண்டு கேள்வி கேளுங்கள்.

முதற்கேள்வி, எந்த நாட்டில் வேலை செய்தீர்கள்? ஜமேக்கா, பார்படோஸ், டிரினிடாட் டொபாகோ, கிரெனடா, செயின்ட் லூசியா, டொமினிக்கா ஆகியவற்றோடு கனடாவுக்குச் சமூகப் பாதுகாப்பு ஒப்பந்தம் உண்டு. அங்குள்ள ஆண்டுகளைச் சேர்த்துப் பத்தை எட்டலாம். சோமாலியா, எத்தியோப்பியா, எரித்திரியாவோடு அப்படி ஒப்பந்தம் இல்லை.

இரண்டாவது, பிள்ளை பொறுப்பேற்று அழைத்தாரா, அகதியாக வந்தீர்களா? 2014இன் தொடக்கத்திலிருந்து, கியூபெக்கைத் தவிர்த்து, பெற்றோரை அழைத்தவரின் பொறுப்புக் காலம் 20 ஆண்டு. பத்து ஆண்டு வசிக்காதவருக்கு அந்தக் காலத்தில் ஜி.ஐ.எஸ். கிடையாது. ஆனால் பத்து ஆண்டு பூர்த்தியானதும், பொறுப்புக் காலம் முடியாவிட்டாலும், ஓ.ஏ.எஸ்., ஜி.ஐ.எஸ். இரண்டுக்கும் விண்ணப்பிக்கலாம். இதை அறியாமல் 20 ஆண்டு காத்திருக்க வேண்டும் என்று நம்பியிருப்பவர்கள் உண்டு. தாமதித்தால் பின்தேதியிட்டுக் கிடைப்பது 11 மாதம் மட்டுமே, மீதி போனது போனதுதான்.

வந்து மூத்தவர்களிடம் வேறு பிழைகள் இருக்கும். வேலை செய்தபோது கட்டிய பங்களிப்புக்குக் கிடைக்கும் சி.பி.பி. ஓய்வூதியம் தானாக வராது, விண்ணப்பிக்க வேண்டும். கணவர் இறந்தபின் வாழ்க்கைத்துணைக்கான ஓய்வூதியம் கேட்காமலே விட்டவர்கள் இருப்பார்கள். வீட்டுவேலை செய்த பெண்களுக்குப் பங்களிப்பு விவர அறிக்கையை வரவழைத்துப் பாருங்கள், முதலாளி கட்டாமல் விட்ட ஆண்டுகள் வெற்றிடமாகத் தெரியும். குளிர்காலத்தை ஊரில் கழிக்கப் போகிறவர்களிடம் முன்கூட்டியே சொல்லுங்கள்: ஆறு மாதத்துக்கு மேல் வெளியே இருந்தால் ஜி.ஐ.எஸ். நிற்கும், 20 ஆண்டு வசிக்காதவருக்கு ஓ.ஏ.எஸ்.சும் நிற்கும். ஒன்ராறியோவின் மருத்துவக் காப்பீட்டுக்கு எந்த 12 மாதத்திலும் 153 நாள் மாகாணத்துக்குள் இருக்க வேண்டும்.

வருமானமே இல்லை என்றாலும் ஏப்ரல் 30க்குள் வரிப்படிவம் போட வேண்டும். போடாவிட்டால் ஜூலையில் ஜி.ஐ.எஸ். நின்றுபோகலாம். பெப்ரவரி, மார்ச்சில் இலவச வரித் தொண்டர்களை மண்டபத்துக்கே அழைத்துவிடுங்கள்.

பிள்ளை வீட்டில் அடி, பசி, பூட்டிவைத்தல் என்று தெரிந்தால் அவசரப்பட்டு "சமூகக் கொடுப்பனவு எடுங்கள்" என்று சொல்லாதீர்கள். அந்தத் தொகையைப் பொறுப்பேற்றவரிடம் அரசு திருப்பிக் கேட்கும், அந்தப் பயத்திலேயே பெரியவர் வாய் மூடிவிடுவார். சட்ட உதவி நிலையத்தில் தனியாகப் பேச வழி செய்யுங்கள். உயிராபத்து என்றால் 911. எந்தச் சேவை எங்கே என்று தெரியாவிட்டால் 211, பல மொழிகளில் உரைபெயர்ப்போடு பதில் சொல்வார்கள்.

பணம் சம்பந்தமான இன்னொரு விஷயம், சீட்டு. நம் சீட்டேதான் ஜமேக்கரின் "பார்ட்னர்", டிரினிடாடியரின் "சூசூ", சோமாலியரின் "ஹக்பத்", எத்தியோப்பியரின் "எக்குப்". சந்திப்பில் நட்பானவர்கள் சீட்டுக் கட்டத் தொடங்குவார்கள். அது நல்ல அறிகுறி, தடுக்க வேண்டாம். ஆனால் நிகழ்ச்சியின் ஊழியரோ தொண்டரோ ஒரு சதமும் கையில் வாங்கக் கூடாது.

உடல்நலம் பேசும் மொழி

ஜமேக்க முதியவர் "எனக்குச் சுகர், பிரஷர்" என்பார், நம் ஆட்கள் சொல்வது போலவே. சோமாலியில் உயர் இரத்த அழுத்தத்துக்கு "டீக் கர்". டீக் என்றால் இரத்தம், கர் என்றால் கொதித்தல். நம் இரத்தக் கொதிப்பே! கோபத்தால் வருவது, கோபம் தணிந்தால் போய்விடும் என்ற எண்ணமும் அந்தச் சொல்லோடு ஒட்டிக்கொண்டிருப்பதால் தலைவலி இல்லாத நாளில் மாத்திரையை விட்டுவிடுவார்கள். சுகாதார நிலையத்திலிருந்து தாதி ஒருவர் மாதம் ஒருமுறை வந்து அழுத்தம் பார்க்கட்டும். வந்தவுடன் பார்க்கக் கூடாது. ஐந்து நிமிடம் உட்கார்ந்து, கோட்டைக் கழற்றி, கையை மேசைமேல் வைத்த பின்பே. எண்ணைச் சட்டைப்பையில் வைக்கும் சிறு அட்டையில் எழுதிக் கொடுங்கள்.

ஆபிரிக்க வம்சாவளியினருக்குக் கண் அழுத்த நோய் வரும் வாய்ப்பு அதிகம், பார்வை போகும்வரை வலி இருக்காது. 65 வயதுக்கு மேல் கண் பரிசோதனைக்கு ஒன்ராறியோ பணம் கட்டுகிறது. ஆண்களுக்குப் புரஸ்தகோளப் புற்றுநோயும் அப்படித்தான், அதைப் பெண்கள் இல்லாத மேசையில் பேச வேண்டும். ரமழானுக்கு ஒரு மாதம் முன்பே, நோன்பிருக்கும் நீரிழிவாளரின் மாத்திரை, இன்சுலின் நேரங்களை வைத்தியரோடு பேசி மாற்ற ஏற்பாடு செய்யுங்கள். நோன்பு தொடங்கிய பிறகு பேசினால் "அல்லாஹ் பார்த்துக்கொள்வான்" என்று முடித்துவிடுவார்கள்.

முப்பது பேருக்கு ஒரு சோறு

சாப்பாடு சரியில்லாத சந்திப்புக்கு யாரும் இரண்டாம் முறை வருவதில்லை. இறைச்சி வாங்கினால் எல்லாருக்கும் ஹலால், பன்றி அடியோடு வேண்டாம். கரீபியரின் "ரைஸ் அன்ட் பீஸ்" (கிட்னி பீன்ஸ் சேர்த்த சோறு) எல்லாரும் உண்ணக்கூடியது, தேங்காய்ப்பால் சோறுதானே, தமிழருக்கும் கைவரும்.

கிட்னி பீன்ஸ் 600 கிராமை இரவே ஊறவைத்து, ஊறிய தண்ணீரைக் கொட்டிவிடுங்கள். புதுத் தண்ணீரில் பத்து நிமிடமாவது தளதளவென்று கொதிக்க வேண்டும். இது ருசிக்காக அல்ல. அரைவேக்காட்டுக் கிட்னி பீன்ஸில் உள்ள நச்சு வாந்தியும் வயிற்றோட்டமும் தரும், மெதுவாக வேகும் மின்சாரப் பானை அதை முறிக்காது. பிறகு முக்கால் மணி நேரம் சிறு தீயில். பீன்ஸ் மெத்தென்றானதும் 400 மில்லிலீட்டர் தேங்காய்ப்பால் டின் மூன்று, தைம் ஏழெட்டுக் கிளை, வெங்காயத்தாள், பிமென்டோ மிளகு (ஓல்ஸ்பைஸ்) ஒரு டசின், உப்பு 4 தேக்கரண்டிக்கு மேற்படாமல். அவித்துலர்த்திய நீளரிசி 2.4 கிலோ. பீன்ஸ் தண்ணீரும் பாலும் சேர்த்து மொத்தம் 22 கப் நீர்மம். மேலே ஒரேயொரு ஸ்காட்ச் பானெட் மிளகாயைக் காம்போடு முழுசாக மிதக்க விடுங்கள். கரண்டி பட்டு அது வெடித்தால் பானை முழுவதும் எரியும், ஆகவே அரிசி போட்ட பிறகு கிளறவே கூடாது. மூடி, தீயைக் குறைத்து, இருபத்தைந்து நிமிடம். பரிமாறும்வரை சூடு 60 பாகைக்குக் கீழே இறங்கக் கூடாது.

உப்புக்கருவாடு செய்யும் வாரம், இரவு முழுவதும் ஊறவைத்து, இருமுறை நீர் மாற்றி அவித்த பின்பே சமையுங்கள். பிரஷர்காரருக்கு ஒரு முறை போதாது. எத்தியோப்பியரின் இன்ஜெரா புளித்த மாவில் வார்ப்பது, நம் தோசைக்கு ஒன்றுவிட்ட தமக்கை. மண்டப அடுப்பில் முயலாமல் கடையில் வாங்கிவிடுங்கள். பல் இல்லாதோருக்குத் தனியாக ஒரு கிண்ணம் குழைவாக எடுத்து வையுங்கள், கேட்கக் கூச்சப்படுவார்கள்.

பனிக்கால அழைப்பு

நிகழ்ச்சி தேய்வது ஜனவரியில். டொமினோ மேசையில் ஆட்கள் குறைவதை வைத்து முதலில் தெரியும். அந்த மேசையை வாசலருகே போடாதீர்கள், கதவு திறக்கும்போதெல்லாம் குளிர் அடிக்கும். ஒவ்வொரு தொண்டருக்கும் ஐந்து பெயர் பிரித்துக் கொடுங்கள், அவருடைய மொழி பேசும் ஐவர். பனிப்புயலால் சந்திப்பை நிறுத்தினால் காலை எட்டு மணிக்குள் ஐந்து அழைப்பும் போய்விட வேண்டும். குறுஞ்செய்தி வேண்டாம், வாசிக்கத் தெரியாதவர்கள் இருக்கிறார்கள்.

இரண்டு வாரம் தொடர்ந்து வராதவரை மூன்றாம் வாரத்துக்கு விடாமல் கூப்பிடுங்கள். "ஏன் வரவில்லை?" என்று தொடங்கினால் "ஒன்றுமில்லை, நலம்" என்றுதான் பதில் வரும். நேற்று என்ன சமைத்தீர்கள், மாத்திரை எத்தனை மிச்சம், வீடு சூடாக இருக்கிறதா, கடைசியாக எப்போது வெளியே போனீர்கள் என்று கேளுங்கள். நாலில் ஒன்றுக்குப் பதில் தடுமாறினாலும் அன்றைக்கே ஒருவர் நேரில் போய்க் கதவைத் தட்ட வேண்டும், கையில் சூடான சோற்றுப் பெட்டியோடு.